எந்தக் கை என்று கேட்காத எண்

"ஓய்வு பெற்றவர்" என்று என்னை அறிமுகப்படுத்தியபோது முன்வரிசையில் இருந்த பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவளைக் குறை சொல்ல முடியாது. எனக்கு இன்னும் நாற்பது வயதாகவில்லை. ஆனால் நான் பார்த்த வேலை எனக்கு முன்னாலேயே ஓய்வு பெற்றுவிட்டது. நெகிரி செம்பிலானில் நான் இருந்த மருத்துவமனையின் பதிவேட்டு அறையை மூடி, எங்கள் வேலை முழுவதையும் கோலாலம்பூருக்குக் கொண்டுபோனார்கள். போக முடிந்தவர்கள் போனார்கள். நான் தம்பினில் அண்ணனின் டயர் கடையில் கணக்குப் பார்க்கிறேன். போன மாதம் கோலாலம்பூரில் இருக்கும் இளையவர்கள் கூப்பிட்டு, தேநீர் வேளையில் வந்து பேசுங்கள் அக்கா என்றார்கள். டயர் வாசனையிலிருந்து தப்பிக்க ஒரு நாள் கிடைத்தால் நான் விடுவேனா? போனேன்.

எங்கள் வேலை என்னவென்று டயர் வாங்க வருகிறவர்களுக்கும் நான் விளக்கியிருக்கிறேன், இங்கேயும் விளக்கிவிடுகிறேன். நோயாளி வீட்டுக்குப் போன பிறகு, வேலையிடத்து விபத்து என்றால் சில நேரம் அதற்கு முன்பே, அவருடைய கோப்பு எங்கள் அறைக்கு வரும். டாக்டர் எழுதிய நோயின் பெயரைப் படித்து, உலகம் முழுவதும் ஒரே மாதிரி புழங்கும் ஒரு குறியீட்டு எண்ணாக அதை மாற்றுவோம். எத்தனை பேருக்கு நீரிழிவு, எத்தனை பேருக்குக் கை உடைந்தது என்று அரசாங்கம் எண்ணுவதெல்லாம் அந்த எண்களை வைத்துத்தான். நோயாளியின் முகத்தை நாங்கள் பெரும்பாலும் பார்ப்பதில்லை. பார்க்க வேண்டிய தேவையும் இல்லை.

இப்போது அந்த எண்களின் புதிய பதிப்பு வருகிறது. பழையதில் உடைந்த எலும்புக்கு எண் உண்டு. அது வலக்கையா இடக்கையா என்று சொல்ல அந்த எண்ணில் இடமில்லை. புதியதில் பக்கத்தையும் ஒட்டிவிடலாம். இளையவர்களுக்கு அதில் ஒரே குதூகலம். சிரித்தாளே, அந்தப் பெண்தான் கேட்டாள்.

"அப்ப முன்னாடில்லாம் எந்தக் கைன்னு எப்படிப் போட்டீங்க அக்கா?"

"போடலை" என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். பேச்சு தேநீரோடு வந்த கறிபாப்புப் பலகாரத்துக்குப் போய்விட்டது. கோலாலம்பூரிலிருந்து தம்பினுக்கு ரயிலில் திரும்பும் வழியெல்லாம் நான் என் மணிக்கட்டைத் தடவிக்கொண்டே வந்தேன். அங்கே சொல்லாமல் வந்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நான் ரெம்பாவ்காரி. பட்டயப் படிப்பில் உயிரியல் படித்து, ஆய்வுக்கூடத்தில் வேலை கிடைக்கும் என்று காத்திருந்து, கிடைக்காமல், கிடைத்த இடத்தில் நுழைந்தேன். பயிற்சியைப் பற்றி நீட்டி முழக்க ஒன்றுமில்லை. இரண்டு தடித்த புத்தகங்கள், குளிர்சாதனம் விறைக்க வைக்கும் ஓர் அறை, தினமும் ஒரு தள்ளுவண்டி நிறையக் கோப்புகள். மற்றவர்கள் இதயத்துக்கும் மூளைக்கும் போட்டி போட்டார்கள். எனக்கு மணிக்கட்டின் மேல் ஒரு பித்து. கூழாங்கற்களை ஒரு பையில் போட்டுக் கட்டியது போல அவ்வளவு சின்ன இடத்தில் எட்டு எலும்புகள். அதிலும் படகெலும்பு, பெருவிரலின் அடியில் இருப்பது. பெருவிரலை நன்றாக விரித்துப் பாருங்கள், மணிக்கட்டுப் பக்கம் ஒரு பள்ளம் விழும். அதன் அடியில்தான் அது படுத்திருக்கிறது. கையை ஊன்றி விழுகிறவர்களுக்கு உடைவது பெரும்பாலும் முன்கை எலும்பின் நுனி. அது யார் கண்ணுக்கும் தெரியும். படகெலும்பு உடைந்தால் முதல் எக்ஸ்ரேயில் பல நேரம் தெரியாது. சுளுக்கு என்று கட்டுப் போட்டு அனுப்பிவிடுவார்கள். அதற்கு ரத்தம் வரும் வழியும் விசித்திரமானது. விரல் பக்கத்திலிருந்து நுழைந்து பின்னோக்கிப் போகும். நடுவில் உடைந்துவிட்டால் பின் பாதி பட்டினி கிடக்கும். சேராமல் போனால் அந்தப் பாதி செத்தும் போகும்.

இதையெல்லாம் சாப்பாட்டு மேசையில் நான் சொல்ல ஆரம்பித்தால் எல்லோரும் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிடுவார்கள். வார்டு தாதிகள் எனக்கு வைத்த பெயர் எலும்பு கிராணி. தோட்டத்துக் கணக்கரைத்தான் இங்கே கிராணி என்பார்கள்.

எங்கள் அறையின் தலைவி மிஸ் ரோசலின். யாழ்ப்பாணத்து வழி வந்த கிறிஸ்துவக் குடும்பம். அவருடைய தாத்தா ஏதோ தோட்டத்தில் உண்மையாகவே கிராணியாக இருந்தவராம். வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே அவர் சாம்பல் நிற ஸ்வெட்டரோடுதான் இருப்பார். கிரீம் கிராக்கரைத் தேநீரில் நனைத்து, அது உடைந்து விழுவதற்கு ஒரு கணம் முன்னால் வாயில் போட்டுக்கொள்வார். ஒரு தடவைகூட அது கோப்பைக்குள் விழுந்து நான் பார்த்ததில்லை.

நோயாளிக் கோப்புகளை அவர் கடைசிப் பக்கத்திலிருந்து படிப்பார். முதலில் அறுவைக் குறிப்பு, பிறகு எக்ஸ்ரே அறிக்கை, பிறகு தாதியின் குறிப்பு, கடைசியில்தான் டாக்டரின் சுருக்கம். சுருக்கத்தை முதலில் படித்தால் மீதியெல்லாம் அதற்கு ஒத்துப்போவதாகவே தெரியும் என்பார். அகரவரிசைப் புத்தகத்தில் எண்ணைப் பார்த்துவிட்டு அப்படியே எழுதினால் அடித்துவிடுவார். இரண்டாவது புத்தகத்தைத் திறந்து அந்த எண்ணின் கீழே என்ன சேரும், என்ன சேராது என்று விரல் வைத்துப் படிக்க வேண்டும். உடைந்த எலும்பு எதுவானாலும் நம் உடம்பில் அதைத் தொட்டுப் பார்த்த பிறகே எழுத வேண்டும். வேகக்காரியான எனக்கு இதெல்லாம் சித்திரவதை.

"என்ன பிள்ளை ஓடுறீர்? அந்த மனுசன் வீட்ட போயிட்டார். இனி ஆரும் அவசரப்படத் தேவையில்லை."

எல்லாவற்றுக்கும் மேலான விதி ஒன்று இருந்தது. டாக்டர் எழுதாததை நாம் எழுதக் கூடாது. சந்தேகம் வந்தால் ஒரு சீட்டில் கேள்வி எழுதி டாக்டருக்கு அனுப்பலாம். ஆனால் கேள்விக்குள் பதிலை வைக்கக் கூடாது. 'படகெலும்பு உடைந்திருக்கிறதா?' என்று கேட்டால் தப்பு. 'எந்த எலும்பு?' என்று கேட்கலாம். நான் எழுதும் சீட்டுகளை அவர் கிழித்துப் போடுவார். காரணம் சொல்ல மாட்டார். நானே கண்டுபிடித்து மறுபடி எழுத வேண்டும்.

அப்படி ஒரு சீட்டோடு வார்டுக்குப் போன ஒரு நாளில்தான் சரோஜா அக்காவைப் பார்த்தேன்.

கெமாஸ் பக்கம் ஒரு தோட்டத்தில் பால்மரம் வெட்டுகிறவர். சுற்றியுள்ள தோட்டங்களெல்லாம் எண்ணெய் எடுக்கும் செம்பனைக்கு மாறிவிட்டன. அங்கே மட்டும் ஒரு சரிவில் ரப்பர் மிச்சமிருந்தது. வெட்டுகிறவர்களில் பெரும்பாலோர் வங்காளதேசத்துப் பையன்கள். தமிழர் என்று சொல்ல அவர் ஒருவர்தான் இருந்தார். கணவர் இறந்துவிட்டார். பிள்ளைகள் இல்லை. மழை பெய்து நனைந்திருந்த சரிவில் பால் வாளியோடு வழுக்கி விழுந்திருக்கிறார். முதலில் கிளினிக்கில் சுளுக்கு என்று அனுப்பிவிட்டார்கள். வீக்கம் வடியாமல் எங்களிடம் வந்தபோது வலக்கைப் படகெலும்பில் கோடு தெரிந்தது. ரத்த அழுத்தமும் ஏறியிருந்ததால் வார்டில் படுக்க வைத்திருந்தார்கள்.

விழுந்த இடம் எது என்று கோப்பில் இல்லாததால் அதைக் கேட்கப் போயிருந்தேன். எலும்பு டாக்டர் ஃபைசால் அப்போதுதான் அவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். இளைஞர், பொறுமையானவர், என் சீட்டுகளுக்கு முகம் சுளிக்காமல் பதில் எழுதும் ஒரே டாக்டர். எந்தக் கைப் பழக்கம் என்று மலாயில் கேட்டார். சரோஜா அக்கா வெட்கப்பட்டுச் சிரித்தார்.

"கிடால் டாக்டர்" என்றார். பிறகு தமிழ் முகம் என்று கண்டு என் பக்கம் திரும்பி, "பீச்சாங்கைக்காரி தங்கச்சி. எங்கம்மா சூடு வச்சும் மாறலை. காய் நறுக்குறது, கூட்டுறது, குரங்கை அடிக்கிறது எல்லாம் இதுலதான்" என்று நல்ல கையை ஆட்டிக் காட்டினார்.

டாக்டர் எழுதிக்கொண்டார். உடைந்தது பழக்கமில்லாத கை. எலும்பு விலகவில்லை. கட்டுப் போட்டால் போதும். பழக்கமான கையாக இருந்திருந்தால் பெரிய மருத்துவமனைக்கு அனுப்பி ஒரு திருகாணி வைக்கச் சொல்லியிருப்பேன், இதற்குத் தேவையில்லை, அதிர்ஷ்டம் என்று அவர் சொன்னதை நானே சரோஜா அக்காவுக்குத் தமிழில் சொன்னேன். அவருக்கும் சந்தோஷம். அறுவை சிகிச்சை என்றால் யாருக்குத்தான் பயமில்லை?

"சீக்கிரம் போவலாம்லா?" என்று கேட்டார். "நான் வெட்டுற மர நிரையை அந்தப் பையனுங்களுக்குக் கொடுத்துட்டா திரும்ப வாங்க முடியாது. வேலைக்காரங்களுக்குத்தான் லயத்துல வீடு. இருவது வருசமா அங்கதான் இருக்கேன்."

அந்தக் கோப்பு எனக்கு மிகவும் பிடித்திருந்தது. விழுந்த இடம் இருந்தது, விழுந்த விதம் இருந்தது, வேலை நேரமா இல்லையா என்பது இருந்தது, எந்தக் கைப் பழக்கம் என்பதுகூட இருந்தது. அவ்வளவு முழுமையாக எங்களுக்குக் கோப்புகள் வருவதில்லை. படகெலும்பு முறிவுக்கு எஸ் அறுபத்திரண்டு புள்ளி சுழியம். என் பெருவிரலை விரித்துப் பள்ளத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டு எழுதினேன். மிஸ் ரோசலின் கடைசிப் பக்கத்திலிருந்து படித்து வந்து ஒன்றும் சொல்லாமல் கையெழுத்துப் போட்டார். அவர் ஒன்றும் சொல்லாதது எங்களுக்கு மாலை போட்டது மாதிரி.

அடுத்த வருட மழைக்காலத்துக்கு முன்னால் அதே பெயர் தள்ளுவண்டியில் மறுபடி வந்தது. உடைந்த எலும்பு சேரவில்லை, பின்பாதி செத்துக்கொண்டிருக்கிறது என்று எக்ஸ்ரே அறிக்கை சொன்னது. சேராத எலும்புக்கு வேறு எண். ஆனால் ஏன் சேரவில்லை என்பது எங்கும் இல்லை. கட்டைப் பிரித்து, வேலைக்குப் போகலாம் என்று சீட்டுக் கொடுத்து அனுப்பிய பிறகு மறுபடி விழுந்தாரா? அப்படியென்றால் எண்ணே மாறும். கோப்பு முந்தி வந்திருந்தது, அவர் இன்னும் வார்டில்தான் இருந்தார். சீட்டு எழுதிக்கொண்டு இறங்கினேன்.

என்னைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டார். "வாங்க எலும்பு கிராணி." தாதிகள் சொல்லிக் கொடுத்திருப்பார்கள்.

மறுபடி விழுந்தீர்களா என்று கேட்டேன். இல்லை என்றார். மரம் வெட்டத்தான் போனேன், வெட்ட வெட்ட வலி ஏறியது, பிறகு கத்தியே பிடிக்க முடியவில்லை என்றார். எனக்குப் புரியவில்லை. பழக்கமில்லாத கைதானே, அதற்கு வெட்டுகிற வேலை எங்கிருந்து வந்தது?

"மரம் இதுலதானே தங்கச்சி வெட்டுவேன்" என்று வலக்கையைத் தூக்கினார்.

"நீங்க பீச்சாங்கைன்னு சொன்னீங்களே அக்கா."

"ஆமா. சோறும் மரமும் மட்டும் சோத்தாங்கை."

அவர் கட்டிலில் எழுந்து உட்கார்ந்தார். சொட்டுநீர் பாட்டில் தொங்கும் கம்பியைத் தன் பக்கம் இழுத்தார். அதுதான் மரம். இடப்பக்கம் உயரத்தில் விரலை வைத்து, வலப்பக்கம் சரிவாகக் கீழே இழுத்தார். எல்லா மரத்திலும் வெட்டு இப்படித்தான் சாயும், அப்போதுதான் பால் நிறைய வரும், கீழே முனையில் மங்கு என்கிற சின்னக் கிண்ணம் கட்டியிருக்கும், அதில் சொட்டும். அந்தச் சாய்வுக்கு ஏற்றபடிதான் தோட்டத்தில் கொடுக்கிற கத்தியும் இருக்கும். முதலில் இடக்கையால் அந்தக் கோட்டை இழுத்துக் காட்டினார். முழங்கை மார்பில் இடித்துக்கொண்டு பாதியில் நின்றது. பிறகு வலக்கையை வைத்தார். முழங்கை சுகமாக வெளியே விரிந்தது, தோள் சுழன்றது, மணிக்கட்டு திரும்ப வேண்டிய இடத்தில் திரும்பவில்லை. அவர் உதட்டைக் கடித்துக்கொண்டு கையை இறக்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"நான் வேலைக்கு வந்த அன்னைக்கே வேலை வாங்குற மண்டோர் சொல்லிட்டாரு. உனக்காக மரம் திரும்பி நிக்காது, நீதான் கைய மாத்தணும்னு. மாத்திக்கிட்டேன். எங்கம்மா சூடு வச்சு வராதது மரத்துக்கிட்ட வந்துருச்சு."

"டாக்டர்கிட்ட இதைச் சொல்லலையா அக்கா?"

"அவரு எந்தக் கைப் பழக்கம்னு கேட்டாரு, சொன்னேன். மரத்தைப் பத்திக் கேக்கலையே."

அவர் குரலில் யார் மேலும் குற்றம் இல்லை. டாக்டர் கேட்க வேண்டியதைக் கேட்டார். அவர் உண்மையைச் சொன்னார். நான் உண்மையை மொழிபெயர்த்தேன். மூன்று பேரும் சரியாகச் செய்து அந்தக் கையைத் தவறான வழியில் அனுப்பி வைத்திருந்தோம்.

சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறொன்று எழுதினேன். 'நோயாளி வேலைக்குப் பயன்படுத்தும் கை எது?' பதிலை உள்ளே வைக்கவில்லை. டாக்டர் ஃபைசால் அதைப் படித்துவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார். எழுதித் தராமல் நேரே வார்டுக்கு நடந்தார். சரோஜா அக்கா அவருக்கும் அதே கம்பியில் அதே கோட்டை இழுத்துக் காட்டினார். டாக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார். வார்டு சுற்று வரும்போது டாக்டர்கள் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. முதலிலேயே தெரிந்திருந்தால் திருகாணி வைக்க அனுப்பியிருப்பேன், கட்டையும் இத்தனை சீக்கிரம் பிரித்திருக்க மாட்டேன் என்று மலாயில் மெதுவாகச் சொன்னார். சரோஜா அக்கா அவரைத் தேற்றுவது போல, பரவாயில்லை டாக்டர், இப்போது சரி பண்ண முடியுமா என்று கேட்டார். முயற்சி செய்யலாம் என்றார் டாக்டர். இடுப்பிலிருந்து எலும்பு எடுத்து வைத்துப் பார்க்கலாம். கத்தி பிடிக்க முடியுமா என்று கேட்டார் அக்கா. டாக்டர் கோப்பைத் திறந்து, நோயாளி வேலைக்கு வலக்கையைப் பயன்படுத்துகிறார் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

அதை எடுத்துக்கொண்டு மிஸ் ரோசலினிடம் ஓடினேன். நடந்ததைச் சொன்னேன். இதை எண்ணில் எங்கேயாவது காட்ட வேண்டும் என்றேன். வலக்கை என்று, வேலை செய்யும் கை என்று, ஒரு வால் எழுத்தாவது. எனக்குத் தெரியும் இடமில்லை என்று. அவருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். ஆனாலும் அவர் இரண்டாவது புத்தகத்தைத் திறந்தார். எண்ணின் கீழே விரல் வைத்துப் படித்தார். அடுத்த பக்கம் போனார். பின்னால் இருக்கும் குறிப்புகளுக்குப் போனார். தேநீர் ஆறிக்கொண்டிருந்தது. அந்தப் பக்கங்களை அவர் மனப்பாடமாகச் சொல்லக்கூடியவர். அவர் எதைத் தேடினார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

"இல்லைப் பிள்ளை" என்றார் கடைசியில். "இதில எலும்பு இருக்கு. ஆள் இல்லை."

பிறகு தன் வலக்கையின் பெருவிரலை விரித்து, அந்தப் பள்ளத்தை மற்றக் கையால் தொட்டுப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். சேராத எலும்பு முறிவு, கை. அவ்வளவுதான் வெளியே போனது. டாக்டர் எழுதிய அந்த ஒரு வரி கோப்போடு அலமாரிக்குள் போனது. எண்ணுகிறவர்கள் கோப்பைப் படிப்பதில்லை.

அறுவை சிகிச்சை நடந்தது. எலும்பு ஓரளவு சேர்ந்தது. மணிக்கட்டு மடங்கவில்லை. நிரையை வேறொருவருக்குக் கொடுத்தார்கள், பிறகு வீட்டையும் கேட்டார்கள். சரோஜா அக்கா தம்பினில் தங்கை வீட்டுக்கு வந்துவிட்டார் என்று வார்டு தாதி ஒருத்தி சொல்லித் தெரிந்துகொண்டேன். அடுத்த சில வருடங்களில் தோட்டத்திலிருந்து யார் மணிக்கட்டு உடைந்து வந்தாலும், டாக்டர் ஃபைசால் கையை நீட்டச் சொல்லி, வேலையில் என்ன செய்வீர்கள், காட்டுங்கள் என்று கேட்பார். நானே பார்த்திருக்கிறேன். செம்பனை வெட்டும் பையன்கள் இல்லாத கம்பைத் தூக்கி இல்லாத குலையை அறுத்துக் காட்டுவார்கள். பிறகு அவருக்கு மாற்றல் வந்தது. அடுத்து வந்தவர் அப்படிக் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று எங்கும் எழுதியிருக்கவில்லை. மிஸ் ரோசலினும் ஓய்வு பெற்றுப் போனார். பிறகு அறையையே மூடினார்கள்.

டயர் கடைக்கு வந்த பிறகு சரோஜா அக்காவை அடிக்கடி பார்க்கிறேன். தம்பின் பாசாரில் தங்கையின் காய்கறிக் கடையில் இருக்கிறார். பலாப்பழம் வந்தால் அவர்தான் பிரிப்பார். எண்ணெய் தடவிய கத்தி இடக்கையில் பறக்கும். வலக்கை பழத்தின் மேல் சும்மா படுத்திருக்கும், உருளாமல் பிடித்துக்கொள்ள.

கோலாலம்பூரில் பேசிவிட்டு வந்த அடுத்த சனிக்கிழமை அவரிடம் போய் நின்றேன். சொல்லாமல் இருக்க முடியவில்லை. புதிய எண்கள் வருகின்றன, இனிமேல் எந்தக் கை என்று கம்ப்யூட்டரில் போடலாம், இடம் கொடுத்துவிட்டார்கள் என்று வேகவேகமாகச் சொன்னேன். அவர் சுளையை எடுத்துக்கொண்டே கேட்டார். சந்தோஷப்பட்டார் என்றுதான் நினைக்கிறேன்.

"நல்லதுலா. எந்தக் கைய போடுவாங்க? உடைஞ்ச கையா, வேலை செய்யுற கையா?"

பாசாரில் எவனோ மீன் விலையைக் கத்திக்கொண்டிருந்தான். நான் அந்தப் புதிய பதிப்பை முழுதாகப் படித்திருக்கிறேன். வலம், இடம், இரண்டும் என்று போடலாம்.

"உடைஞ்ச கை" என்றேன்.

"அது எக்ஸ்ரேலயே தெரியுமேலா" என்றார்.

பையில் சுளைகளைப் போட்டு, மேலே கொஞ்சம் கூடுதலாகவும் வைத்து, ஒரு முனையைப் பல்லால் கடித்துக்கொண்டு இடக்கையால் முடிச்சுப் போட்டார். வலக்கை மேசையின் மேல், லேசாக விரிந்தபடி இருந்தது. நான் அதன் பெருவிரல் அடியில் இருந்த பள்ளத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தழும்பு அதைக் குறுக்கே மூடியிருந்தது.